வன்னி மரத்து ராஜாளிகள்: தார் பாலைவனத்தில் ஆறு நாள்

முதல் நாள், தால் சாப்பர்

மதியம் இரண்டரை மணிக்கு வந்து இறங்கினோம். வெயில் இருக்கிறதே என்று நினைத்து ஜீப்பில் ஏறியவன், பத்து நிமிடத்தில் பையைத் திறந்து இரண்டாவது ஸ்வெட்டரை எடுத்து மாட்டிக்கொண்டேன். கோடையில் ஐம்பது டிகிரியைத் தொடுகிற ராஜஸ்தானின் சூரு மாவட்டம் ஜனவரியில் இப்படித்தான் பழிவாங்கும்.

சரணாலயம் என்றதும் காடும் மலையும் மனதில் ஓடும். தால் சாப்பரில் இரண்டும் இல்லை. தட்டையான மண், முழங்காலைத் தொடாத புல், இங்கொன்றும் அங்கொன்றுமாக வன்னி மரம். மொத்தமே 7.19 சதுர கிலோமீட்டர். அதற்குள் வெளிமான்கள் கூட்டம் கூட்டமாக மேய்கின்றன. மறைவு என்று எதுவுமே இல்லாத இந்த வெட்டவெளிதான் ராஜாளிகளுக்குப் பிடித்த இடம். குளிர்காலத்தில் ஐந்தாறு இனங்களை ஒரே பயணத்தில் பார்த்துவிடலாம் என்று அண்ணன் ஒரு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். இருபத்தைந்து வருடமாகப் பறவை பார்க்கிறவர். நான் ஆறு வருடம்தான்.

முதலில் பெயர் விவகாரத்தை முடித்துவிடுகிறேன். தமிழில் இந்தப் பறவைகளுக்குப் பெயர்ப் பஞ்சம் இல்லை, குழப்பத்துக்கும் பஞ்சம் இல்லை. மேலே வட்டமடிப்பதெல்லாம் பருந்து, பெரிதாக இருந்தால் கழுகு, கோழிக்குஞ்சைத் தூக்கினால் வல்லூறு. ராஜாளி என்ற சொல்லையே சில இடங்களில் கழுகுக்கும் சேர்த்துச் சொல்கிறார்கள். இந்தப் பதிவுகளில் ஆங்கிலத்தில் ஃபால்கன் என்கிற, கூர்இறக்கை கொண்ட அந்த ஒரு குடும்பத்தை மட்டும் ராஜாளி என்று எழுதுகிறேன். தனித்தனி இனத்துக்கு, பறவை பார்ப்பவர்கள் வாயில் புழங்குகிற பெயர்.

உள்ளே நுழைந்து கால் மணி நேரம்கூட ஆகவில்லை. வன்னி மரத்தில் சாம்பல் முதுகோடு ஒன்று உட்கார்ந்திருந்தது. “அண்ணே, ராஜாளி!”

“கண்ணு என்ன நிறம்?”

ஸ்கோப்பில் பார்த்தேன். சிவப்பு. நெருப்புத் துண்டு மாதிரி. வைரி. நம் ஊர்த் தோப்புகளில் தினம் பார்க்கிற அதே வைரி. ராஜாளிகளின் கண் கரும்பழுப்பு, தூரத்திலிருந்து பார்த்தால் வெறும் கறுப்புப் பொட்டு. அந்தக் கறுப்புக் கண்தான் அவற்றுக்கு ஒரு சாதுவான முகத்தைக் கொடுத்து நம்மை ஏமாற்றும். வைரி கிளம்பிப் பறந்தபோது இறக்கையின் நுனி விரல் விரித்த மாதிரி மழுங்கலாக இருந்தது. நாலைந்து முறை படபடவென்று அடித்து, கொஞ்சம் சறுக்கி, மறுபடி அடித்தது. ராஜாளி என்றால் அரிவாள் மாதிரி கூராக முடிந்திருக்கும். ஆறு வருட அனுபவம் ஒரு கேள்வியில் காலி.

ராஜாளியின் மேல் அலகில் ஒரு சின்னப் பல் போன்ற முனை உண்டு. பிடித்த இரையின் கழுத்தெலும்பைக் கடித்து முறிக்க அது. வைரியும் கழுகும் நகத்தால் நெரித்துக் கொல்லும். இரண்டும் பார்க்க ஒன்று போலிருந்தாலும் உறவுமுறை வேறு. 2008-இல் வந்த மரபணு ஆய்வு ஒன்று ராஜாளிகளைக் கழுகுகளை விட்டுப் பிரித்து, கிளிகளுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்தது. கிளியின் பங்காளி என்று தெரிந்த பிறகு அந்த அலகைப் பார்த்தால் கொஞ்சம் வேறு மாதிரிதான் தெரிகிறது.

சாயங்காலம் கெஸ்ட்ரல் என்கிற ராஜாளி ஒன்று எங்கள் ஜீப்புக்கு முப்பது அடிக்குள் வந்து காற்றில் நின்றது. நின்றது என்றால் நிஜமாகவே நின்றது. காற்றை எதிர்த்து இறக்கை துடிக்கிறது, வால் விசிறியாக விரிந்து சுருங்குகிறது, உடம்பு ஊசலாடுகிறது, தலை மட்டும் ஆணியடித்த மாதிரி அசையாமல் இருக்கிறது. பைனாகுலரின் நடுவில் அதன் கண்ணை வைத்தேன். கண் நகரவே இல்லை, சுற்றியுள்ள பறவைதான் ஆடியது. சாம்பல் தலை, செங்கல் நிற முதுகில் கறுப்புப் புள்ளிகள், சாம்பல் வாலின் முடிவில் அகலமாக ஒரு கறுப்புப் பட்டை. ஆண். இரண்டு முறை கொஞ்சம் கொஞ்சமாக இறங்கி, மூன்றாவது முறை புல்லுக்குள் விழுந்து, எழுந்தபோது காலில் எலி.

இங்கே இப்படி மணிக்கணக்கில் ஒரே இடத்தில் சிறகடித்து நிற்கிற ராஜாளி என்றால் கெஸ்ட்ரல் என்று எழுதிவிடலாம். மற்றவை இதையே தொழிலாக வைத்துக்கொள்வதில்லை. நாளை முதல் இவ்வளவு சுலபமாக இருக்காது என்று அண்ணன் சொல்லிவிட்டுத் தூங்கப் போய்விட்டார்.

இரண்டாம் நாள், தால் சாப்பர்

சேக்கர்! எடுத்த எடுப்பிலேயே சொல்லிவிடுகிறேன்.

காலை ஒன்பது மணி வரை மூடுபனி. வேலிக் கம்பங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் பனிக்குள் மறைந்துபோகிற மாதிரி இருந்தன. ஏழாவதோ எட்டாவதோ கம்பத்தின் மேல் பெரிய பழுப்பு உருவம். அடிப்பக்கம் முழுக்க அடர்ந்த பழுப்பு, தலை வெளிறியது, கண்ணுக்குக் கீழே மீசை மெல்லிய ஒற்றைக் கோடு. பெரிகிரின் ராஜாளி என்றால் மீசை அகலமாக, கன்னத்தில் மை கொட்டிய மாதிரி இருக்க வேண்டும். இது அது இல்லை. கால்கள் நீலம் கலந்த சாம்பல், அதாவது முதல் வருட இளம்பறவை. அளவு? பனிக்குள் மலை மாதிரி தெரிந்தது.

சேக்கர் ராஜாளி மத்திய ஆசியப் புல்வெளிகளின் பறவை. கஜகஸ்தான், மங்கோலியா பக்கம் கூடு வைக்கும். குளிர்காலத்தில் ஒன்றிரண்டு நம் வடமேற்கு மூலைக்கு வந்து போகும். உலக அளவில் அருகிவரும் இனமாகப் பட்டியலிடப்பட்டிருக்கிறது. வேட்டைக்குப் பழக்குவதற்காகப் பிடித்தது ஒரு காரணம், மங்கோலியாவில் மின்கம்பிகளில் அடிபட்டுச் சாவது இன்னொரு காரணம். மரமே இல்லாத நாட்டில் உயரமான இருக்கை என்றால் மின்கம்பம்தானே. அப்படிப்பட்ட பறவை இரண்டாம் நாளே கம்பத்தில் உட்கார்ந்து முகம் காட்டினால் மனிதன் என்ன செய்வான்? நாற்பது படம் எடுத்தேன்.

அண்ணன் மட்டும், “அவசரப்படாதே தம்பி, லக்கார்ல இளசும் இப்படித்தான் இருக்கும்” என்றார். லக்கார் இந்தப் பக்கத்து இன்னொரு ராஜாளி. மீசை மெல்லிசா இருக்கு, தலை வெளுப்பா இருக்கு, இதுக்கு மேல என்ன வேணும் என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் தெர்மாஸ் மூடியைத் திருகினார். நான் நோட்டில் எழுதிவிட்டேன்.

சாயங்காலம் உப்பளத்துப் பக்கம் தேங்கி நின்ற தண்ணீருக்குப் போனோம். கரையில் உள்ளான்கள் நூறு இருக்கும். திடீரென்று எல்லாம் ஒரே பறவை மாதிரி கிளம்பித் திரும்பின, வெள்ளை அடிவயிறு ஒரு தரம் மின்னியது. அண்ணன் தண்ணீரைப் பார்க்காமல் வானத்தைப் பார்த்தார். உச்சியில் ஒரு புள்ளி. இறக்கையை மடித்தது. அதன்பின் பார்த்ததாகச் சொல்ல முடியாது, ஒரு கோடு மேலிருந்து கீழே இழுத்த மாதிரி இருந்தது. உள்ளான்களை நூலிழையில் தவறவிட்டு, அதே வேகத்தில் மேலேறியது பெரிகிரின்.

இந்தப் பாய்ச்சலில் மணிக்கு 300 கிலோமீட்டரைத் தாண்டும் என்று எல்லோரும் எழுதுவார்கள், நானும் எழுதிவிட்டேன். எனக்கு வியப்பாக இருந்தது அதற்கப்புறம் நடந்ததுதான். மிகச் சாதாரணமாக, வேலை முடிந்து வீட்டுக்குப் போகிறவர் மாதிரி பறந்துபோனது. அந்தச் சாதாரணப் பறத்தலில்தான் பெரிகிரினை அடையாளம் பிடிக்க வேண்டும். மார்பு தடித்து, வால் குட்டையாக, இறக்கை அடியில் அகன்று நுனியில் கூராக, நங்கூரம் போன்ற உருவம். இறக்கையடிப்பு ஆழமில்லாமல், விறைப்பாக, வேகமாக. இது சைபீரியத் தூந்திரப் பக்கத்திலிருந்து வருகிற வெளிர் வகை. நம் தென்னிந்தியப் பாறைக் குன்றுகளில் ஆண்டு முழுக்க இருக்கிற ஷாஹீன் இதே இனத்தின் இன்னொரு வகைதான். தலை கன்னங்கறுப்பு, வயிறு செம்மண். இரண்டையும் பக்கத்தில் வைத்தால் ஒரே இனம் என்று நம்பக் கஷ்டம்.

இந்த இனம் ஒரு காலத்தில் முட்டை ஓட்டால் தோற்றுக்கொண்டிருந்தது. வயலில் அடித்த டிடிடி பூச்சிமருந்து, பூச்சியிலிருந்து குருவிக்கும் குருவியிலிருந்து ராஜாளிக்கும் ஏறி, ஓட்டை மெலிய வைத்தது. அடைகாக்க உட்கார்ந்த தாயின் எடையிலேயே முட்டை நொறுங்கியது. 1967-இல் டெரெக் ராட்கிளிஃப் பழைய முட்டைச் சேகரிப்புகளோடு புதியவற்றை ஒப்பிட்டு இதைக் காட்டினார். 1972-இல் அமெரிக்கா டிடிடியைத் தடை செய்தது, 1999-இல் அங்கே அருகிவரும் பட்டியலிலிருந்தே இந்தப் பறவையை நீக்கினார்கள். உள்ளானைத் தவறவிட்டதற்காக நான் வருத்தப்படவில்லை. நாளை பிடித்துக்கொள்ளும்.

மூன்றாம் நாள், தால் சாப்பர்

இன்று மெர்லின் நாள், ஜீப்புகளின் நாளும்கூட.

மெர்லினைத் தேடுகிறவர் மரத்தைப் பார்க்கக் கூடாது, மண்ணாங்கட்டியைப் பார்க்க வேண்டும். புல் குறைந்த வெளியில் உழுத கட்டி மாதிரி ஒன்று, அதன் மேல் இன்னொரு கட்டி. அந்த மேல் கட்டி கழுத்தைத் திருப்பினால் அது மெர்லின். புறாவைவிடச் சின்னது. பழுப்பு முதுகு, புருவத்தில் வெளிர்க் கோடு, வாலில் பட்டைகள். மீசை என்று சொல்ல ஒன்றுமில்லை, பள்ளிக்கூடத்துப் பையன் முகத்தில் இருப்பது போல ஒரு நிழல். பெண் அல்லது இளசு. ஆண் என்றால் முதுகு நீலச்சாம்பலாக இருக்கும், அது எங்களுக்குக் கிடைக்கவில்லை.

கிளம்பியதும் இது வேறு பிராணி. தரையை ஒட்டி, ஒரு முழ உயரத்தில், வானம்பாடிக் கூட்டத்துக்கு அடியில் நுழைந்தது. பெரிகிரின் மேலிருந்து விழும், இது கீழிருந்து துரத்தும். வானம்பாடி மேலேறினால் இதுவும் திருகித் திருகி மேலேறும். சில சமயம் சின்னக் குருவி மாதிரியே ஏறி இறங்கிப் பறந்து இரையை ஏமாற்றும் என்று படித்திருக்கிறேன். இன்று அந்த நாடகத்துக்கு நேரம் கிடைக்கவில்லை.

காரணம் நாங்களும்தான். ஒரு ஜீப் நின்றதைப் பார்த்து இன்னொன்று வந்தது, பிறகு இன்னொன்று. கால் மணி நேரத்தில் ஆறு வண்டிகள் வளையமாக நின்றன. கையகலப் பறவையைச் சுற்றி முழங்கை நீள லென்ஸுகள். அது மூன்று முறை இடம் மாறியது, மூன்று முறையும் வளையம் கூடவே நகர்ந்தது. எங்கள் வழிகாட்டி வண்டியைத் திருப்பி, “இது இன்னும் எதையும் பிடித்துத் தின்னவில்லை, போகலாம் சார்” என்றார். இருபத்திரண்டு வயதுப் பையன். என்னிடம் அந்த மெர்லினின் நல்ல படம் ஒன்றுகூட இல்லை. பரவாயில்லை.

அந்தப் பையனால்தான் மதியம் துருமுதி கிடைத்தது. செங்கழுத்து ராஜாளியை இந்தியில் அப்படிச் சொல்கிறார்கள். “துருமுதி என்றால் பெண், ஆணுக்கு சட்வா” என்று திருத்தவும் செய்தார். ராஜாளிகளுக்கு ஆணுக்கொரு பெயர், பெண்ணுக்கொரு பெயர் என்று வைத்தது பழைய காலத்து வேட்டைக்காரர்கள். அவர்கள் கண்ணுக்கு இரண்டும் வேறு வேறு கருவி. பெண் பெரிது, பல இனங்களில் ஆண் அதில் மூன்றில் இரண்டு பங்குதான். இது பறவை பார்ப்பவர் தலையில் விழுகிற இடி. பெரிய இனத்தின் ஆணும் சின்ன இனத்தின் பெண்ணும் கிட்டத்தட்ட ஒரே அளவுக்கு வந்து நிற்கும். அளவை மட்டும் நம்பினால் போச்சு.

துருமுதிக்கு அந்தத் தொல்லை இல்லை. உச்சந்தலையும் பிடரியும் துருப்பிடித்த சிவப்பு, முதுகு வெளிர்ச் சாம்பல், அடிப்பக்கம் வெள்ளையில் நோட்டுப்புத்தகக் கோடு மாதிரி மெல்லிய குறுக்குக் கோடுகள், வால் நுனிக்கு முன்னால் அகன்ற கறுப்புப் பட்டை. இந்தக் குடும்பத்தில் எனக்கு மிகவும் பிடித்த முகம் இதுதான். ஜோடியாக வேட்டையாடின. ஒன்று புதருக்குள் தாழப் பாய்ந்து சிட்டுகளைக் கிளப்பியது, மற்றது மேலே காத்திருந்தது. இரண்டாவது முயற்சியில் மேலே இருந்தது பிடித்தது. பிறகு வன்னி மரக் கிளையில் இறகைப் பிய்த்தன, இறகுகள் காற்றில் ஒவ்வொன்றாக எங்கள் பக்கம் வந்தன.

ராத்திரி தங்குமிடத்தில் ஒரு குடும்பம், சிறு கெஸ்ட்ரல் பார்த்தோம் என்று படம் காட்டியது. பெண் பறவை. கெஸ்ட்ரலின் பெண்ணும் சிறு கெஸ்ட்ரலின் பெண்ணும் அச்சு அசல் ஒன்று, அக்கா தங்கை மாதிரிகூட இல்லை, இரட்டையர் மாதிரி. ஆண் என்றால் முதுகில் புள்ளி இருக்கிறதா என்று பார்த்தால் போதும், சிறு கெஸ்ட்ரலுக்குப் புள்ளி கிடையாது. பெண்ணுக்கு என்ன செய்வது? அண்ணன் ஃபோனை வாங்கிப் படத்தைப் பெரிதாக்கிக்கொண்டே போனார். தலை போயிற்று, மார்பு போயிற்று, கால் வந்தது, விரல் வந்தது, கடைசியில் திரை முழுக்க ஒரே ஒரு நகம். கறுப்பு. சிறு கெஸ்ட்ரலின் நகம் வெளிறியிருக்கும். “சாதா கெஸ்ட்ரல்தாம்மா” என்று மெதுவாகத் திருப்பிக் கொடுத்தார். அந்த அம்மாவின் முகம் வாடியதைப் பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது.

நான்காம் நாள், தால் சாப்பர்

இரண்டாம் நாள் பதிவை அழிக்கவில்லை. அப்படியே இருக்கட்டும். ஆனால் அது சேக்கர் இல்லை.

சரணாலயத்துக்கு வெளியே ஒரு மேய்ச்சல் நிலம், தரை முழுக்க வளைகள். முள்வால் பல்லிகளின் குடியிருப்பு. வெயில் ஏறினால்தான் அவை வெளியே வரும், அதனால் பத்து மணிக்குத்தான் போனோம். ஒவ்வொரு வளை வாயிலிலும் ஒரு மண் நிறத் தலை. கொஞ்ச நேரத்தில் உடம்பு முழுதும் வெளியே வந்து வெயில் காயும். இந்தப் பல்லிகளை நம்பித்தான் லக்கார் ராஜாளி இங்கே இருக்கிறது.

வளர்ந்த லக்கார் ஒன்று மேட்டில் நின்றது. செம்பழுப்பு உச்சந்தலை, கண்ணிலிருந்து நேராக இறங்கும் மெல்லிய கறுப்பு மீசை, வெள்ளை மார்பு, தொடையில் மட்டும் அடர்பழுப்பு. கால்சட்டை போட்ட மாதிரி. வெள்ளைச் சட்டை, பழுப்புக் கால்சட்டை, அவ்வளவுதான் லக்கார். இதை ஒருமுறை பார்த்துவிட்டால் மறக்காது.

இருபது அடி தள்ளி இன்னொன்று உட்கார்ந்திருந்தது. வயிறும் தொடையும் இறக்கையின் உள்பக்கமும் ஒரே அடர்பழுப்பு, தொண்டை வெளுப்பு, தலை வெளிறியது, நீலச் சாம்பல் கால். என் நாற்பது படங்களும் அப்படியே எழுந்து வந்து உட்கார்ந்த மாதிரி இருந்தது. அளவு, பக்கத்தில் நின்ற வளர்ந்த லக்காருக்குச் சமம். அண்ணன் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமல் இருந்ததுதான் தாங்கவில்லை.

மதியம் பழைய படங்களை மறுபடி பார்த்தேன். முப்பத்தோராவது படத்தில் ஒரு காகம் அதைத் துரத்திக்கொண்டு வருகிறது. அன்றைக்கு எரிச்சலோடு தள்ளிவிட்ட படம். காகமும் ராஜாளியும் ஏறக்குறைய ஒரே நீளம். லக்கார் 43 முதல் 46 சென்டிமீட்டர், சேக்கர் 57 வரை போகும், காகத்துக்குப் பக்கத்தில் நின்றால் மாமா மாதிரி இருக்க வேண்டும். பனியில் எதனோடும் ஒப்பிட வழியில்லாமல் என் ஆசைதான் அதை மலையாக்கியிருக்கிறது.

கால் நிறத்தை நம்பியதும் பிழை. லக்காரின் இளசுக்கும் நீலச் சாம்பல், சேக்கரின் இளசுக்கும் நீலச் சாம்பல். அது வயதைச் சொல்லும், இனத்தைச் சொல்லாது. அடிப்பக்கம்தான் கேட்க வேண்டிய கேள்வி. சேக்கரின் மார்பில் வெள்ளைத் தரையில் பழுப்புக் கோடுகள் கீழ்நோக்கி ஓடும், கோடுகளுக்கு இடையில் வெள்ளை தெரியும். லக்கார் இளசுக்கு மார்புக்குக் கீழே ஏறக்குறைய ஒரே பூச்சு. மீசையும் அப்படித்தான். சேக்கருக்கு மங்கலாக, அரைகுறையாக அழித்த மாதிரி இருக்கும். லக்காருக்கு மெல்லியதாக இருந்தாலும் பேனாவில் போட்ட மாதிரி தெளிவு. என் படத்தில் பேனாக் கோடு. நான் ‘மெல்லிய’ என்பதை மட்டும் படித்துவிட்டு ‘தெளிவு’ என்பதை விட்டுவிட்டேன்.

இன்னொரு அளவுகோலையும் அண்ணன் சொன்னார், இது உட்கார்ந்த பறவைக்கு. மடித்த இறக்கையின் நுனி வாலில் எதுவரை வருகிறது? பெரிகிரினுக்கு வால் முனையைத் தொடும் அளவுக்கு வரும். லக்காருக்குக் கொஞ்சம் முன்னாலேயே நிற்கும். சேக்கருக்கு நன்றாகவே குறையும், வால் நீட்டிக்கொண்டு தெரியும். கெஸ்ட்ரலுக்கும் மெர்லினுக்கும் இன்னும் குறைவு. ஹாபி என்று ஒன்று உண்டு, அதற்கு வாலையும் தாண்டிப் போகும். நிறமெல்லாம் வெளிச்சத்துக்கு வெளிச்சம் மாறும், இது மாறாது.

லக்காருக்கும் சேக்கருக்கும் இன்னொரு பந்தம் உண்டு, கேட்டால் வயிறு கலங்கும். சேக்கர் பிடிக்கிறவர்கள் லக்காரைப் பொறியாக வைப்பார்கள். காலில் கண்ணிகள் கோத்த இறகுப் பொதியைக் கட்டிப் பறக்கவிடுவார்கள். ஏதோ இரையைத் தூக்கிக்கொண்டு போகிறது என்று நினைத்துப் பிடுங்க வருகிற சேக்கர் கண்ணியில் மாட்டும். விலை சேக்கருக்கு, லக்கார் வெறும் தூண்டில் புழு. இந்தத் துணைக்கண்டத்தையும் அதை ஒட்டிய பகுதிகளையும் விட்டு வேறெங்கும் இல்லாத பறவை, இன்று எண்ணிக்கை குறைந்து அச்சுறு நிலையை நெருங்கிய பட்டியலில் இருக்கிறது. பூச்சிமருந்தும் இதற்கு உடந்தை. அப்படிப்பட்டதை மூன்று நாளாக ‘சேக்கர் இல்லாவிட்டால் வெறும் லக்கார்தானே’ என்று நினைத்துக்கொண்டிருந்தவன் நான்.

ஐந்தாம் நாள், ஜோர்பீர்

பீகானேருக்கு வெளியே, இறந்த மாடுகளையும் ஒட்டகங்களையும் கொண்டுவந்து போடுகிற இடம். பாறுகளும் புல்வெளிக் கழுகுகளும் நூற்றுக்கணக்கில். நாற்றத்தைப் பற்றி எழுதப் போவதில்லை. ராஜாளிக்கு இங்கே வேலை இல்லை, அது தானே கொன்றதைத் தின்னும் பறவை. தூரத்துக் கம்பியில் ஒரு லக்கார் மட்டும், இதிலெல்லாம் சம்பந்தமில்லாத மாதிரி வேறு பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தது. கால்சட்டையைப் பார்த்து இரண்டு விநாடியில் சொல்லிவிட்டேன். அண்ணன் சிரித்தார். ராத்திரி முழுக்க வண்டி, ஜெய்சல்மேர்.

ஆறாம் நாள், பாலைவனத் தேசியப் பூங்கா

3,162 சதுர கிலோமீட்டர். தால் சாப்பரின் நானூறு மடங்குக்கும் மேல். அங்கே பறவைகள் நம்மைத் தேடி வந்தன, இங்கே காலை முழுக்க மணலும் எருக்கும்தான். எல்லோரும் வருவது கானமயில் பார்க்க. எங்களுக்கு அது கிடைக்கவில்லை. அடிவானம் முழுக்க ஓடுகிற மின்கம்பிகளைப் பார்த்தபோது ஏன் என்று கேட்கத் தோன்றவில்லை. கனத்த உடம்பு, முன்னால் நேராகப் பார்க்க முடியாத கண், கம்பியில் மோதிச் சாகிறது கானமயில். அதே கம்பங்களில் ராஜாளிகள் சிம்மாசனம் போட்டு உட்கார்ந்திருக்கின்றன.

பதினோரு மணிக்குக் கல் மேட்டில் ஒரு செந்தலை. எனக்கு வாய் வரை லக்கார் வந்துவிட்டது, அடக்கிக்கொண்டேன். சிவப்பு பிடரியில் இருந்தது, உச்சியில் அவ்வளவு இல்லை. முதுகு பழுப்பில்லை, வெளிர் நீலச் சாம்பல். அடிப்பக்கம் இளஞ்சந்தன நிறம், அதில் மங்கலான குறுக்குக் கோடுகள். கால்சட்டை இல்லை. இறக்கை நுனி வால் நுனி வரை வந்திருந்தது. ஆளும் கட்டை குட்டையாக, மார்பு அகன்று. செம்பிடரி ஷாஹீன். வறண்ட வடமேற்குப் பகுதிகளில் மட்டும் கிடைக்கிற, பெரிகிரின் குடும்பத்து வெளிர் உறவு. இந்த முறை நான் சொல்லி முடித்த பிறகுதான் அண்ணன் ஸ்கோப்பில் கண் வைத்தார். “ம்” என்றார். அவர் அகராதியில் அது பெரிய பாராட்டு.

மாலை ஐந்தே முக்கால். வெளிச்சம் ஆரஞ்சாகிவிட்டது. கிட்டத்தட்ட அரை கிலோமீட்டர் தள்ளி, ஒரு கம்பத்தின் உச்சியில் பெரிய ராஜாளி. தலை சுண்ணாம்பு மாதிரி வெளுப்பு. மீசை தெரியவில்லை, இருந்தாலும் இந்தத் தூரத்தில் தெரிந்திருக்காது. வால் இறக்கையைத் தாண்டி நீட்டிக்கொண்டிருந்த மாதிரி இருந்தது. மார்பில் கோடா, பூச்சா? தரைச்சூட்டில் காற்று நெளிந்து எல்லாவற்றையும் குழைத்துக்கொண்டிருந்தது. பக்கத்துக் கம்பத்தில் காகம் எதுவும் இல்லை. தேடிப் பார்த்தேன்.

“சேக்கர்” என்றார் அண்ணன்.

இந்த ஆறு வருடத்தில் அவர் இவ்வளவு வேகமாக ஒரு பெயரைச் சொல்லி நான் கேட்டதில்லை. அவர் குரலில் என் இரண்டாம் நாள் இருந்தது. “கோடு தெரியுதாண்ணே?” என்று கேட்டேன். பதில் இல்லை. அது எழுந்து, கனமாக, அவசரமில்லாமல் நாலு முறை இறக்கையடித்து, மேட்டுக்குப் பின்னால் தாழ்ந்து போய்விட்டது. இறக்கையடிப்பு சேக்கருடையதுதான் என்று அவர் சொன்னார். பெண் லக்காரும் அப்படிப் பறக்கலாம் என்று நான் சொன்னேன். வண்டி தங்குமிடம் வருகிற வரை இதுதான் பேச்சு, ஓட்டுநர் இரண்டு முறை கண்ணாடியில் எங்களைப் பார்த்தார்.

அவர் நோட்டில் சேக்கர், 1 என்று இருக்கிறது. என் நோட்டில்: பெரிய ராஜாளி, 1, இனம் உறுதியில்லை, மின்கம்பம், மாலை 5.45. ரயில் நாளை மாலைதான். விடியற்காலை அஞ்சரைக்கு ஜீப் வரச் சொல்லியிருக்கிறோம், அதே கம்பத்துக்கு.